அந்தப் புறா கூவும் இடத்தை மட்டும் கவனியுங்கள்

உலக சினிமா பார்க்கிற பழக்கம் இருந்தால் இந்தப் பாட்டு ஏற்கெனவே உங்கள் காதில் விழுந்திருக்கும், பெயர் மட்டும் தெரியாமல் இருந்திருக்கலாம். வோங் கார்-வாயின் 'ஹாப்பி டுகெதர்' படத்தில் இகுவாசு அருவியை மேலிருந்து காட்டிக்கொண்டே இருப்பார்களே, தண்ணீர் சுழன்று சுழன்று விழும், அப்போது ஓர் ஆண் குரல் மெல்லப் பாடும். அல்மொதோவாரின் 'டாக் டு ஹெர்' படத்தில் ராத்திரி நேரம் ஒரு தோட்டத்தில் சிலர் உட்கார்ந்து பாட்டு கேட்பார்கள், அதில் ஒருவர் கண் கலங்கி எழுந்து போய்விடுவார். 'மூன்லைட்' படத்தில் நாயகன் பழைய நண்பனைப் பார்க்க மயாமிக்குக் காரில் போகும்போதும் அதே குரல், அதே பாட்டு. மூன்றிலும் பாடுபவர் பிரேசில்காரரான கயத்தானோ வெலோசோ. ஆனால் பாட்டு மெக்ஸிகோவுடையது. 'குக்குர்ருக்குக்கூ பலோமா' என்று பெயர். பலோமா என்றால் புறா, முன்னால் இருப்பது அது எழுப்புகிற சத்தம்.

பிடித்துப்போய் இணையத்தில் தேடப் போனால் ஒரு குழப்பம் காத்திருக்கும். லோலா பெல்த்ரான் என்ற பெண்மணி வந்து நிற்பார். அவருக்குப் பின்னால் வயலின்களும் ட்ரம்பெட்களும் முழங்கும். ஒரு சுரத்தைப் பிடித்தார் என்றால் விடவே மாட்டார். கயத்தானோ காதோடு சொன்ன விஷயத்தை இவர் ஊருக்கே கேட்கிற மாதிரி சொல்லுவார். எது அசல், எது நகல் என்று கேட்கத் தோன்றும். அந்தக் கேள்வியைச் சாக்காக வைத்துக்கொண்டு, இந்தப் பாட்டு சேர்ந்த ரான்ச்சேரா என்ற மெக்ஸிகோ பாட்டு வகை என்றால் என்ன, ஒரு பழைய பாட்டை இன்னொருவர் திரும்பப் பாடும்போது என்னதான் மாறுகிறது என்பதையும் பார்த்துவிடலாம். ஸ்பானிஷ் தெரிய வேண்டிய அவசியமில்லை, காது இருந்தால் போதும்.

முதலில் ரான்ச்சேரா. ரான்ச்சோ என்றால் பண்ணை, ரான்ச்சேரா என்றால் பண்ணைப் பாட்டு. பெயரைக் கேட்டால் வயல்வெளியில் தலைமுறை தலைமுறையாகப் பாடி வந்தது போலத் தோன்றும். ஆனால் இன்று ரான்ச்சேரா என்று நமக்குக் கிடைப்பதில் பெரும்பகுதி நகரத்தில் எழுதி, நகரத்தில் பதிவு செய்தது. 1910இல் மெக்ஸிகோவில் புரட்சி வெடித்தது, பத்து வருடம் நாடு கொந்தளித்தது, அதிலும் அதற்குப் பிறகும் கிராமங்களிலிருந்து ஜனங்கள் மெக்ஸிகோ நகரத்துக்கு வந்துகொண்டே இருந்தார்கள். ஊரை விட்டு வந்தவர்களுக்கு ஊரைப் பற்றிய பாட்டு வேண்டியிருந்தது. 1930இல் எக்ஸ்.இ.டபிள்யூ. என்ற வானொலி நிலையம் தொடங்கியது, அதன் அலைவரிசை நாட்டின் மூலைமுடுக்கெல்லாம் போனது. 1936இல் 'அயா என் எல் ரான்ச்சோ கிராந்தே' படம் வந்து ஸ்பானிஷ் பேசுகிற நாடுகளில் எல்லாம் ஓடியது. அதற்குப் பிறகு குதிரை, பெரிய தொப்பி, காதல், சண்டை, நடுநடுவே பாட்டு என்று படங்கள் வரிசை கட்டி வந்தன. ஹோர்ஹே நெக்ரெத்தே, பெத்ரோ இன்ஃபாந்தே இருவரும் அதில் பெரிய நட்சத்திரங்கள். வானொலியும் சினிமாவும் சேர்ந்து வளர்த்த பிள்ளை ரான்ச்சேரா.

ரான்ச்சேரா ஒரு குறிப்பிட்ட தாளத்தின் பெயர் என்று சிலர் நினைத்துக்கொள்கிறார்கள், அப்படி இல்லை. மூன்று எண்ணிக்கையில் வால்ட்ஸாக இருக்கலாம், இரண்டு எண்ணிக்கையில் போல்காவாகத் துள்ளலாம், நாலு எண்ணிக்கையில் பொலேரோவாக இழையலாம். எல்லாவற்றையும் சேர்த்துக் கட்டுவது மனநிலைதான். விட்டுப்போன காதலி, குடி, மானம், வீம்பு, சாவு. அழுவதற்குக் கூச்சப்படாத பாட்டு இது. ஒரு அடி முடிகிற இடத்தில் குழுவில் ஒருவரோ கேட்கிறவரில் ஒருவரோ 'ஆய்ய்ய் அஹஹாய்' என்று ஒரு நீள ஊளை விடுவார், அதற்கு கிரித்தோ என்று பேர், அதற்கென்றே பாட்டில் இடைவெளி இருக்கும். முதல் தடவை கேட்கிறவர்களுக்கு யாரோ கலாட்டா செய்கிற மாதிரி இருக்கும். அப்படியெல்லாம் இல்லை, பாட்டு சரியான இடத்தில் தைத்துவிட்டது என்பதற்கான ரசீது அது.

கூட வாசிக்கிற குழு மரியாச்சி. வயலின்கள், ட்ரம்பெட்கள், கிதார், முதுகு புடைத்த ஐந்து தந்தி விவெலா, அப்புறம் வயிறு பெருத்த கித்தார்ரோன். கித்தார்ரோனைப் பார்த்தால் கிதாருக்குப் பெரியப்பா மாதிரி இருக்கும், ஆறு தந்தி, கழுத்தில் விரல் வைக்கிற குறுக்குக் கட்டைகளே (ஃப்ரெட்) கிடையாது, ஒரே சுரத்தை மேல் ஸ்தாயியிலும் கீழ் ஸ்தாயியிலும் ஒரே சமயத்தில் இரண்டு தந்திகளை இழுத்து வாசிப்பார்கள். மரியாச்சியில் தரை அதுதான். மெக்ஸிகோ நகரத்தில் கரிபால்தி சதுக்கம் என்று ஓர் இடம் இருக்கிறது, அங்கே இந்தக் குழுக்கள் உடை மாட்டிக்கொண்டு நிற்கும், ஒரு பாட்டுக்கு இவ்வளவு என்று காசு கொடுத்தால் உங்கள் எதிரிலேயே நின்று வாசிப்பார்கள்.

இன்னொரு விஷயம், இது தெரியாமல் போனால் கவர் வெர்ஷன், அதாவது ஒருவர் பாட்டை இன்னொருவர் திரும்பப் பாடுவது, பற்றிப் பேசுவதே கோணலாகிவிடும். ரான்ச்சேராவில் எழுதுகிறவர் வேறு, பாடுகிறவர் வேறு என்பதுதான் பெரும்பாலும் நடைமுறை. ஹொசே அல்ஃப்ரேதோ ஹிமெனெஸ் மாதிரி தானே எழுதித் தானே பாடியவர்கள் உண்டு, ஆனால் அவர் பாட்டுகளையும் எல்லோரும் பாடினார்கள். ஒரு நல்ல பாட்டு வந்தால் நாலு பேர் நாலு கம்பெனிக்குப் பதிவு செய்வார்கள். தியாகராஜரின் கீர்த்தனையை ஒருவர் பாடினால் அதை நாம் கவர் என்று சொல்லுவோமா? அந்த மாதிரிதான். அதனால் 'அசல் யாருடையது' என்ற கேள்வி இங்கே கொஞ்சம் வழுக்கும். 'யார் பாடியது யார் மனசில் நிற்கிறது' என்ற கேள்விக்குத்தான் பதில் கிடைக்கும்.

சரி, பாட்டுக்கு வருவோம். எழுதியவர் தொமாஸ் மெந்தெஸ், சகதேகாஸ் மாநிலத்தில் ஃப்ரெஸ்நியோ என்ற சுரங்க ஊர்க்காரர். எழுதிய வருடம் 1954. கதை இவ்வளவுதான்: ஒருவன் இருந்தான், ராத்திரியெல்லாம் அழுதுகொண்டே இருந்தானாம். சாப்பிட மாட்டானாம், குடித்துக்கொண்டே இருந்தானாம். அவன் அழுகையைக் கேட்டு வானமே நடுங்கியதாம். அவளுக்காக அப்படி உருகினானாம், சாகும்போதும் அவளைத்தான் கூப்பிட்டானாம். செத்துப் போனான். இப்போது விடியற்காலையில் ஒரு சோகமான புறா வந்து, கதவெல்லாம் விரியத் திறந்து கிடக்கிற அந்தத் தனி வீட்டில் பாடுகிறதாம். அந்தப் புறா வேறு எதுவுமில்லை, அவன் உயிர்தான், அவள் வருவாள் என்று இன்னும் காத்துக்கொண்டிருக்கிறது என்று ஊரார் சத்தியம் செய்கிறார்கள்.

இத்தனை 'தாம்', 'னாம்' போட்டு எழுதினேனே, அது என் வேலை இல்லை, பாட்டிலேயே அப்படித்தான் இருக்கிறது. 'சொல்கிறார்கள்' என்று ஆரம்பிக்கிறது, 'சத்தியம் செய்கிறார்கள்' என்று வலுக்கிறது. பாடுகிறவர் அந்தக் காதலன் இல்லை, அவனைப் பார்த்தவர்கூட இல்லையோ என்னவோ, திண்ணையில் காதில் விழுந்ததைச் சொல்லுகிற ஆள். கடைசியில்தான் ஊர்ப்பேச்சு முடிந்து நேராகப் புறாவிடமே பேசுகிறார்: அழாதே, கல்லுக்கெல்லாம் காதலைப் பற்றி என்ன தெரியும்? இந்த அமைப்பு சாமர்த்தியமானது. 'நான்' அழுகிற ரான்ச்சேரா ஆயிரம் இருக்கிறது, அதையெல்லாம் ஒரு பெண் பாடுவதா ஆண் பாடுவதா, 'அவள்' என்பதை 'அவன்' ஆக்குவதா என்ற யோசனை வரும். இங்கே அந்தத் தொல்லையே இல்லை. யாரோ ஒருவனுடைய கதை, யார் வேண்டுமானாலும் சொல்லலாம். இத்தனை நாட்டுக்காரர்கள், ஆணும் பெண்ணும், வரிகளை மாற்றத் தேவையில்லாமல் இதைப் பாடிக்கொண்டிருப்பதற்கு இது ஒரு முக்கியக் காரணம் என்று நினைக்கிறேன்.

இப்போது தாளம். இந்தப் பாட்டு ரான்ச்சேரா குடும்பத்தில் வாப்பாங்கோ என்ற கிளை. மெக்ஸிகோவின் கிழக்குப் பக்கம் வாஸ்தேக்கா என்ற வட்டாரம் இருக்கிறது, வெராகுரூஸ், தமௌலிபாஸ், சான் லூயிஸ் பொதோசி, இதால்கோ என்று பல மாநிலங்களில் பரவிக் கிடக்கிற நிலம். அங்கே மூன்று பேர் சேர்ந்தால் ஒரு குழு: ஒரு வயலின், கிதார் இனத்தில் சின்னதாக ஒன்று, பெரிதாக ஒன்று. அவர்களுடைய தாளத்தில் ஆறு எண்ணிக்கை. மேசையில் தட்டிப் பாருங்கள், முதலில் ஒன்று-இரண்டு-மூன்று, நாலு-ஐந்து-ஆறு என்று ஒன்றிலும் நாலிலும் அழுத்தி. அப்புறம் அதே ஆறை ஒன்று-இரண்டு, மூன்று-நாலு, ஐந்து-ஆறு என்று மூன்று இடத்தில் அழுத்தி. இரண்டையும் மாற்றி மாற்றித் தட்டினால், சில சமயம் ஒரு கை அப்படியும் இன்னொரு கை இப்படியும் தட்டினால், வாப்பாங்கோவின் ஆட்டம் பிடிபடும். நம் கணக்கில் திஸ்ரத்துக்கும் இரட்டைக்கும் நடுவில் ஊசலாடுகிற தாளம். தந்திகளை மீட்டிக்கொண்டே வந்து சட்டென்று கையால் அமுக்கிச் சத்தத்தை நறுக்குவார்கள், 'டப்' என்று ஒரு தட்டு விழும். மெந்தெஸின் பாட்டில் இதெல்லாம் நிதானமான வேகத்தில் நடக்கும், ஆனாலும் அடியில் அந்த ஊசல் இருக்கும்.

வாஸ்தேக்காக்காரர்களிடமிருந்து வந்த இன்னொரு சொத்து குரல் உடைவது. இதைக் கொஞ்சம் விளக்கமாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் பாட்டு முழுக்க இதில்தான் நிற்கிறது.

நாம் பேசுகிற குரலில் குரல் நாண்கள் தடித்து, முழு அகலத்துக்கு அதிரும். மேலே மேலே போகப் போக ஒரு கட்டத்தில் அது முடியாமல் போய், நாண்களின் ஓரம் மட்டும் மெலிதாக அதிர ஆரம்பிக்கும். அதுதான் நம் பாட்டு வாத்தியார்கள் கள்ளத்தொண்டை என்று சொல்லி அடக்கி வைக்கிற குரல். ஒன்றிலிருந்து இன்னொன்றுக்குத் தாவுகிற இடத்தில் குரல் சறுக்கும், உடையும், பதின்ம வயதுப் பையன்களுக்கு நடக்கிற மாதிரி. ஐரோப்பிய ஆப்பெராவில் இந்தத் தையலை வெளியே தெரியாமல் மறைப்பதற்கே பல வருடப் பயிற்சி. வாஸ்தேக்காவில் நேர்மாறு. அந்த உடைசல் பளிச்சென்று கேட்க வேண்டும், வேண்டுமென்றே அங்கே போய்க் குதிப்பார்கள். ஃபல்செத்தே என்று சொல்கிறார்கள். மரியாச்சிக்காரர்கள் வாப்பாங்கோவை எடுத்துக்கொண்டபோது இதையும் சேர்த்தே எடுத்துக்கொண்டார்கள், மிகேல் அசேவெஸ் மெஹியா மாதிரி பாடகர்கள் அதைப் பெரிய வித்தையாகவே வளர்த்தார்கள். அவருக்கு ஃபல்செத்தேயின் ராஜா என்றே பட்டம். இந்தப் பாட்டையும் அவர் பாடியிருக்கிறார், பாடாமல் இருந்தால்தான் ஆச்சரியம்.

மெந்தெஸ் செய்த கெட்டிக்காரத்தனம் இதுதான்: அந்தக் குரல் உடைசலைப் புறாவின் கூவலாக்கிவிட்டார். 'குக்குர்ருக்குக்' வரை நிஜக் குரல், கடைசி 'கூ'வில் தாவல். வித்தை காட்டுகிற இடமும் கதையின் உச்சமும் ஒன்றாகிவிட்டது. அதற்கு முன்னால் 'அய் அய் அய் அய் அய்' என்று அவன் பாடினான், முனகினான் என்று ஒரு பகுதி வரும், அது ஒத்திகை மாதிரி. அங்கேயே தொண்டை எப்படி இருக்கிறது என்று தெரிந்துவிடும். ஆனால் தீர்ப்பு 'கூ'வில்தான். அதை எவ்வளவு நேரம் பிடிப்பது, பலமாகவா மெலிதாகவா, உடையவிடுவதா வழுக்கிவிடுவதா? ஒவ்வொரு பாடகரும் அங்கே ஒரு முடிவு எடுத்தாக வேண்டும், தப்பிக்க வழியில்லை. அதனால்தான் சொல்கிறேன், எத்தனை வெர்ஷன் கேட்டாலும் அந்த ஓர் இடத்தை மட்டும் ஒப்பிட்டுப் பாருங்கள், பாடுகிறவர் யார் என்பது தெரிந்துவிடும்.

லோலா பெல்த்ரானிலிருந்து தொடங்குவோம். சினலோவா மாநிலத்தில் எல் ரொசாரியோ என்ற ஊர்க்காரர். மெக்ஸிகோ நகரத்துக்கு வந்து அந்த எக்ஸ்.இ.டபிள்யூ. வானொலியிலேயே செயலாளர் வேலையில் இருந்து, பிறகு மைக்குக்கு முன்னால் வந்தவர். பின்னாளில் 'பெரிய லோலா' என்று பட்டம், பெயாஸ் ஆர்த்தெஸ் மாளிகையில், அதாவது ஆப்பெராவும் சிம்பொனியும் நடக்கிற பளிங்கு அரங்கத்தில், ரான்ச்சேரா பாடினார், அதுவே அன்றைக்கு ஒரு செய்தி. 1965இல் இந்தப் பாட்டின் பெயரிலேயே ஒரு படம் வந்தது, நடித்தவர் அவர்தான். அவர் 'கூ'வைப் பிடிக்கிற விதத்தைக் கேளுங்கள். தாளம் நின்றுவிடும். குழு காத்திருக்கும். அந்தச் சுரம் தளராமல், நடுங்காமல், நீண்டுகொண்டே போகும், இப்போது விடுவார் இப்போது விடுவார் என்று நாம் மூச்சைப் பிடித்துக்கொண்டிருக்க, அவர் விடமாட்டார். கடைசியில் விட்டதும் 'பலோமா' என்று இறங்கும்போது கூட்டம் கத்தும். துக்கத்தை வெளியே கொண்டுவந்து நடுத்தெருவில் நிறுத்துகிற பாட்டு. மிகைதான். ரான்ச்சேரா மிகைக்கு வெட்கப்படாது, வெட்கப்பட்டால் அது ரான்ச்சேராவே இல்லை.

பெத்ரோ இன்ஃபாந்தேயும் இதை 1955இல் வெளிவந்த 'எஸ்குவேலா தே வகபுந்தோஸ்' படத்தில் பாடினார். படம் நகைச்சுவைப் படம். பிச்சைக்காரன் என்று தப்பாக நினைத்து ஒரு பணக்கார வீட்டு அம்மாள் வேலைக்கு வைத்துக்கொள்கிற ஆள் உண்மையில் பெயர்பெற்ற இசையமைப்பாளர். இன்ஃபாந்தேயின் குரலில் வெண்ணெய் மாதிரி ஒரு வழவழப்பு. அவர் 'கூ'வில் உங்களை மிரட்ட மாட்டார், கொஞ்சுவார். அழுது செத்தவனின் கதையைச் சிரித்த முகத்தோடு சொல்லி அதையும் நம்பவைப்பது அவருக்கு மட்டும்தான் முடியும். இரண்டு வருடத்தில், 1957 ஏப்ரலில், மெரிதாவில் விமான விபத்தில் போய்விட்டார்.

பாட்டு எல்லை தாண்டியது ஐம்பதுகளிலேயே. ஹாரி பெலஃபாண்டே, கரீபியத் தீவுகளின் கலிப்ஸோ பாட்டுகளால் அமெரிக்காவையே ஆட்டிவைத்தவர், 1959இல் நியூயார்க்கின் கார்னகி ஹாலில் பாடிய புகழ்பெற்ற கச்சேரியில் இதையும் வைத்துக்கொண்டார். அதே மேடையில் எபிரேயப் பாட்டும் ஐரிஷ் பாட்டும் ஹெய்ட்டிப் பாட்டும் உண்டு. அதாவது பாட்டு இப்போது 'உலக நாட்டுப்பாடல்' என்ற அலமாரிக்கு வந்துவிட்டது. மரியாச்சி இல்லை, ஊளை இல்லை, கோட்டு போட்ட கூட்டம் அமைதியாகக் கேட்கிறது. அவர் 'கூ'வை அழகாக, கவனமாக, கண்ணாடிப் பாத்திரத்தைத் தூக்குகிற ஜாக்கிரதையோடு எடுப்பார். நல்ல பாட்டுதான். ஆனால் அந்தக் குடிகாரன் மட்டும் காணாமல் போய்விட்டான்.

1961இல் 'தி லாஸ்ட் சன்செட்' என்ற கௌபாய் படத்தில் கிர்க் டக்ளஸ் இதைப் பாடுவார், ஸ்பானிஷிலேயே. நடிகர் பாடுகிற பாட்டு, தொழில்முறைத் தொண்டை இல்லை. இதைச் சொல்வதற்குக் காரணம், தாவல் இல்லாவிட்டால் பாட்டு எவ்வளவு சின்னதாகிவிடும் என்று தெரிந்துகொள்ள இது உதவும். மெட்டு மட்டும் மிச்சம், அதுவும் மோசமில்லை.

ஜோன் பயஸ் 1974இல் 'கிராசியாஸ் அ லா விதா' என்று பெரும்பாலும் ஸ்பானிஷில் ஓர் ஆல்பம் போட்டார். அப்பா மெக்ஸிகோவில் புவெப்லாவில் பிறந்தவர் என்பதால் அந்த மொழி அவருக்கு வீட்டுப் பக்கத்து மொழி. சிலியில் 1973 செப்டம்பரில் ராணுவம் ஆட்சியைப் பிடித்து ஒரு வருடம்கூட ஆகாத சமயம், ஆல்பமே அந்த மக்களை மனதில் வைத்துத்தான். போராட்டப் பாட்டுகளுக்கு நடுவில் இந்தப் புறாவும் வந்து உட்கார்ந்துகொண்டது. பயஸுக்கு இயல்பிலேயே குரல் உச்சத்தில் இருக்கிறது, அதனால் 'கூ' அவருக்கு ஒரு தாவலே இல்லை, மாடிப்படியில் ஒரு படி ஏறுவதுதான். எனக்கு இது கொஞ்சம் அதிகச் சுத்தமாகப் படுகிறது. கஷ்டமே படாமல் பாடினால் அந்த ஆள் எதற்காகச் செத்தான்? ஆனால் இந்த வெர்ஷன்தான் சிறந்தது என்று அடித்துச் சொல்கிறவர்களும் இருப்பார்கள், அவர்களோடு சண்டை போட மாட்டேன்.

ஜூலியோ இக்லேசியாஸ், நானா முஸ்கூரி என்று இன்னும் பல பேர் பாடியிருக்கிறார்கள், அவசரமில்லை, பிறகு கேட்டுக்கொள்ளலாம். இத்தாலியில் ஃப்ரான்கோ பத்தியாத்தோ 1981இல் 'குக்குருகுக்கூ' என்று ஒரு பாட்டு போட்டார், அது கவர் இல்லை, முழுக்க வேறு பாட்டு. ஆனால் பல்லவியில் அந்தப் புறாவைக் கூப்பிடுவார், இடையில் பீட்டில்ஸ் பாட்டுகளின் பெயர்களையும் உதிர்ப்பார். இரவல் வாங்குவதில் இது ஒரு தினுசு. பாட்டை எடுக்காமல் அதன் வாசனையை மட்டும் எடுத்துக்கொள்வது. அந்த வாசனை இத்தாலியில் எல்லோருக்கும் தெரிந்திருந்தது என்பதும் இதிலிருந்து தெரிகிறது.

இப்போது கயத்தானோ. பிரேசிலில் பஹியா மாநிலத்துக்காரர், 1942இல் பிறந்தவர், ராணுவ ஆட்சிக் காலத்தில் சிறையில் இருந்து, லண்டனுக்கு நாடு கடந்து போய்த் திரும்பியவர். 1994இல் லத்தீன் அமெரிக்காவின் பழைய ஸ்பானிஷ் பாட்டுகளை எடுத்து 'ஃபினா எஸ்தாம்பா' என்று ஒரு ஆல்பம் செய்தார். சின்ன வயசில் வானொலியில் கேட்டு வளர்ந்த பாட்டுகள். அதை மேடையில் பாடி 1995இல் வந்த நேரடிப் பதிவில்தான் இந்தப் புறா இருக்கிறது, படங்களில் பயன்பட்டதும் இந்தக் காலத்துப் பாணிதான். செல்லோ வாசித்து இசை ஒழுங்கும் செய்தவர் ஜாக்ஸ் மொரெலன்பாம்.

அவர் என்ன செய்தார்? முதலில் மரியாச்சியைத் தூக்கிவிட்டார். ட்ரம்பெட் இல்லை. செல்லோவும் கிதாரும் தாளத்தைப் போட்டு அடிக்காமல் தொட்டுத் தொட்டு விடும், ஆறு எண்ணிக்கை எங்கோ அடியில் மங்கலாக இருக்கும். பிரேசிலின் பொஸ்ஸா நோவா என்ற மென்மையான பாட்டு மரபில், முக்கியமாக ஜோவாவ் ஜில்பெர்த்தோவிடம், அவர் கற்ற பாடம் ஒன்று உண்டு: கத்தாமல், பக்கத்தில் உட்கார்ந்து பேசுகிற மாதிரி பாடுவது. அந்தப் பாடத்தை, கத்துவதற்கென்றே எழுதிய பாட்டில் போட்டுப் பார்க்கிறார். குரல் ஆரம்பத்திலிருந்தே மேலே, மெலிசாக, கிட்டத்தட்ட அந்தக் கள்ளத்தொண்டையின் வாசலிலேயே நிற்கிறது. அதனால் 'கூ' வரும்போது தாவல் தெரிவதே இல்லை. உடைந்த குரலிலேயே முழுப் பாட்டையும் பாடுகிறார் என்று வைத்துக்கொள்ளலாம். லோலாவிடம் துக்கம் ஒரு நொடியில் வெடிக்கிறது, இவரிடம் முதல் வரியிலிருந்தே கசிந்துகொண்டிருக்கிறது.

இப்போது 'டாக் டு ஹெர்' படத்தின் அந்தத் தோட்டத்துக் காட்சியைத் திரும்பப் பாருங்கள். கயத்தானோ அதில் கயத்தானோவாகவே வந்து உட்கார்ந்து பாடுகிறார், பக்கத்தில் மொரெலன்பாம் செல்லோவோடு. கேட்கிறவர்கள் அசைவதில்லை. மார்க்கோ என்ற பாத்திரம் தாங்க முடியாமல் எழுந்து வெளியே போகிறான், பின்னால் வந்தவளிடம், இந்தக் கயத்தானோ மயிர்க்கூச்செறிய வைத்துவிட்டார் என்கிறான். லோலா பாடியிருந்தால் இந்தக் காட்சி நடக்காது. கூட்டமாகச் சேர்ந்து அழ வைக்கிற குரல் அவருடையது. தனியாக எழுந்து போய் அழ வைக்கிற குரல் இது.

'ஹாப்பி டுகெதர்' இரண்டு ஆண்களின் பிரிவைச் சொல்கிற படம், 1997இல் வந்தது. சேர்ந்து பார்க்கப் போகிறோம் என்று கிளம்பி, வழியில் தொலைந்து, கடைசிவரை இருவரும் சேர்ந்து பார்க்காமலே போன அருவி அது. காத்திருக்கிற உயிர் பற்றிய பாட்டை அதன்மேல் வைத்தார் வோங். 2016இல் வந்த 'மூன்லைட்' படத்தில் அதன் இயக்குநர் பாரி ஜென்கின்ஸ் அதைத் தெரிந்தேதான் திரும்பப் பயன்படுத்தினார், வோங்குக்கு வணக்கம் வைக்கிற மாதிரி. 1954இல் மெக்ஸிகோவில் ஒரு ஆண் ஒரு பெண்ணுக்காக அழுது செத்த கதை இப்படி இரண்டு ஆண்களின் கதைகளுக்குள் வந்து பொருந்திக்கொண்டது. முன்னால் சொன்ன அந்த 'சொல்கிறார்கள்' இல்லாவிட்டால் இவ்வளவு சுலபமாகப் பொருந்தியிருக்குமா என்பது சந்தேகம்தான்.

கயத்தானோ வழியாக வருகிறவர்களுக்கு ஒரு ஆபத்து உண்டு. அவரைக் கேட்டுவிட்டு லோலாவிடம் போனால் 'என்ன இப்படிக் கத்துகிறார்' என்று தோன்றும், நாகரிகமானது மெலிசானதுதான் என்ற எண்ணம் நமக்குள் சத்தமில்லாமல் உட்கார்ந்திருக்கிறது. அதனால் வரிசையை மாற்றிப் பாருங்கள். முதலில் லோலா, ஹெட்ஃபோன் வேண்டாம், ஸ்பீக்கரில் சத்தமாக. அவர் எதைப் பிடித்து வைத்திருக்கிறார் என்று தெரிந்த பிறகு கயத்தானோவைக் கேட்டால், அவர் எதை விட்டுவிட்டார் என்பதும் சேர்ந்து கேட்கும். முழுசாகக் கத்தத் தெரிந்த ஒரு பாட்டைக் கத்தாமல் பாடுகிறார் என்பதில்தான் அந்தப் பாட்டின் இறுக்கமே இருக்கிறது.

நடுவில் ஒரு இனிப்பு வேண்டுமென்றால் ஹுவான் தியேகோ ஃப்ளோரெஸ். பெருவின் லிமாவில் பிறந்த ஆப்பெரா டெனர், அதாவது உச்சத்தில் பாடுகிற ஆண் பாடகர், இத்தாலிய இசையமைப்பாளர் ரோஸ்ஸினியின் ஆப்பெராக்களைப் பாடுவதில் பேர் போனவர். கச்சேரி முடிந்து கூட்டம் கைதட்டி விடாமல் நிற்கும்போது ஒரு கிதாரை எடுத்துக்கொண்டு உட்கார்ந்து இதைப் பாடுவார். மறைக்கக் கற்ற தையலை இங்கே வேண்டுமென்றே பிரித்துக் காட்டுவார், 'கூ'வை இழுத்துக்கொண்டே போய், கூட்டம் சிரிக்க ஆரம்பித்து, சிரிப்பு கைதட்டலாகும்வரை விடமாட்டார். லோலாவின் மிகையும் ஆப்பெராவின் மிகையும் பங்காளிகள் என்று அப்போது புரியும்.

இதெல்லாம் கேட்டு முடித்த பிறகு மெந்தெஸின் இன்னொரு புறாவையும் தேடுங்கள், 'பலோமா நெக்ரா', அதாவது கறுப்புப் புறா. இதில் புறா செத்தவனின் உயிர் இல்லை, ராத்திரியெல்லாம் எங்கோ கொண்டாட்டத்தில் இருந்துவிட்டு வீடு திரும்பாத காதலி. திட்டுவதா கெஞ்சுவதா என்று தெரியாமல் பாடுகிறவர் தவிக்கிறார், இந்தத் தடவை ஊர்ப்பேச்சு இல்லை, 'நான்' தான். லோலா இதை மரியாச்சியோடு பாடியிருக்கிறார். சாவேலா வர்காஸ் கிதாரோடு, நிதானமாக, பாதிப் பேச்சாகப் பாடியிருக்கிறார். அங்கேயும் ஒவ்வொருவரும் முடிவெடுக்க வேண்டிய இடம் ஒன்று இருக்கிறது. எது என்று நான் சொல்லப்போவதில்லை, இரண்டையும் அடுத்தடுத்துப் போட்டால் நீங்களே பிடித்துவிடுவீர்கள்.